உயர்த்திய தரை

டுலூத்தில் அந்தக் குளிர்காலம்
ஏரி பாளம் பாளமாய் இறுகி
தாதுக் கப்பல்கள் துறையிலேயே கிடந்தன.
எங்கள் கட்டடத்துக்குக் கொதிகலன் கிடையாது.
மூன்றாம் மாடியில் இருந்ததுதான்
எல்லாருக்கும் அடுப்பு.

கணினி என்று யாரும் சொன்னதில்லை.
"அது" என்போம்.
அது முழித்திருக்கிறதா,
அதனிடம் கொடுத்தாயா,
அது திருப்பி அனுப்பிவிட்டதா.
அறுபத்தாறில் பாரந்தூக்கி நிறுத்தி
கிழக்குச் சுவரை இடித்து உள்ளே இறக்கினார்களாம்.
அதற்கென்று தனித் தரை,
எங்கள் தரைக்கு ஒரு முழம் மேலே;
நடுவில் தொடைப் பருமனில் வடங்கள்.
அங்கே நடக்க உரிமை நான்கு பேருக்கு,
இரவில் ஒருத்திக்கு மட்டும்:
ஐலி நிஸ்கனென்.

நாங்கள் கண்ணாடிக்கு இந்தப் பக்கம்.
சின்னதாய் ஒரு சாளரம்.
துளை அட்டைக் கட்டை வைத்து மணியடிக்க வேண்டும்.
நாளைக்கு வா என்பாள்.
போனால் ஒரே வரி:
நானூற்றுப் பன்னிரண்டாம் அட்டையில் காற்புள்ளி இல்லை.
ஒரு காற்புள்ளிக்கு
ஒரு பகல், ஒரு ராத்திரி.

ஒருமுறை படியில் வழுக்கி
இரண்டாயிரம் அட்டையையும் சிதறவிட்டேன்.
ஐலி வெளியே வந்தாள். திட்டவில்லை.
கட்டின் விளிம்பில் மூலைக்கு மூலை
சாய்வாய் ஒரு சிவப்புக் கோடு இழுப்பார்கள்,
கலைந்தால் அடுக்கி எடுக்க.
நான் இழுத்திருக்கவில்லை.
"கோடு போடாதவன் ரொம்ப பக்திமான்" என்றாள்.
விடிய விடிய அடுக்கினோம்.
நாடா உருளைகளுக்குப் பின்னால்
வெப்பக்காற்று வரும் இடத்தில்
துணி மூடி உப்பிக்கொண்டிருந்தது அவளுடைய ரொட்டிமாவு.
இயந்திரத்துக்கு ஏலக்காய் வாசம்.

எண்பத்திரண்டில் ஒன்று வாங்கினேன்.
என் காசு.
மகளின் தள்ளுவண்டியில் வைத்து
அவள் கம்பளியையே போர்த்தி
பனியில் உருட்டி வந்தேன்.
யானைக்கொரு காலம் என்பார்களே,
பூனை அன்று தள்ளுவண்டியில் வந்தது.

திரையில் கட்டம் கட்டமாய்ப் பச்சை எண்கள்.
டீசல் விலையை மாற்றினால்
ஆண்டு மொத்தமும் கண்ணெதிரே புரண்டு படுத்தது.
மாற்றினேன். மறுபடி மாற்றினேன்.
மணியடிக்காமல். யாரையும் கேட்காமல்.
சாப்பிடப் போக மறந்தேன்.

ஏப்ரலில் அதன் தொகைக்கும் என் தொகைக்கும்
பதினோராயிரம் டாலர் வித்தியாசம்.
மேலாளர் என்னுடையதை நம்பினார்,
தொட்டுப் பார்க்க முடிந்ததல்லவா.
ஐலி கூட்டத்தில் வாய் திறக்கவில்லை.
இரண்டு நாள் கழித்து என் மேசைமேல்
ஓர் அட்டை, பென்சிலில்:
வரிசை முப்பத்தொன்று. நீ கூட்டவில்லை.

பார்த்தேன்.
கூட்டவில்லை.
அட்டையைச் சட்டைப்பையில் போட்டுக்கொண்டேன்.
இப்போதுதான் சொல்கிறேன்.

எண்பத்தேழில் துண்டு துண்டாய் இறக்கினார்கள்.
சுவரை இடிக்கத் தேவைப்படவில்லை,
லிஃப்ட் போதுமாயிருந்தது.
முனைகளில் பூசிய தங்கத்துக்காக
காயலான்காரன் விலை பேசினான்.
அந்த நவம்பரில் பேனா மை உறைந்தது.
ஆளுக்கொரு பூனை மேசைமேல்,
விரல்நுனி காயுமளவு சூடு;
மேல்கோட்டோடு தட்டிக்கொண்டிருந்தோம்.
ஐலிக்குப் பயிற்சி தருவதாகச் சொன்னார்களாம்.
கையுறையைக் கழற்றாமல் கேட்டுவிட்டு
ஹிப்பிங்கில் ஆஸ்பத்திரிச் சமையலறைக்குப் போய்விட்டாள்.

இப்போது பேரன் படங்கள், பென்ஷன் கணக்கு
எதுவும் என் வீட்டில் இல்லை.
மேகத்தில் என்கிறார்கள்.
மேகமாவது!
எங்கோ ஓர் உயர்த்திய தரை,
யாரோ ராத்திரி வேலை.
திரையில் வட்டம் சுற்றச் சுற்ற
பழைய சாளரத்தின் முன்னால் நிற்கிறேன்,
மணிதான் இல்லை.

அந்த அட்டை இன்னும் இருக்கிறது.
பென்சில் மங்கிவிட்டது.
விளிம்பில் சிவப்பாய் ஒரு புள்ளி,
ஏதோ ஒரு கட்டின் சாய்கோட்டில்
அதன் பங்கு.
எந்த இடத்தில் இருந்ததென்று
அந்தப் புள்ளிக்குத் தெரியும்.
கட்டு எங்கே.